மாதாவுக்குத் தேர்! மாதருக்கு என்ன?

கிறிஸ்து மதத்தில் பெண் தெய்வம் உண்டா, இல்லையா என்பதாக வெம்பக்கோட்டைப் பக்கத்துத் தோழர்களுக்குள் ஒரு தர்க்கம் நடந்து வருவதாகவும், அதைப் பற்றி நமது அபிப்பிராயத்தை எழுத வேண்டுமென்றும் நமக்குத் தெரிவிக்கப்பட்டிருக்கின்றது. ஒரு கட்சியார், "இந்து மதத்திலாவது காளி, மாரி, லட்சுமி, சரஸ்வதி என்று பெண்களுக்குத் தெய்வ ஸ்தானம் கொடுத்திருக்கின்றார்கள், கிறிஸ்து மதத்தில் பிதா, சுதன், பரிசுத்த ஆவி என்ற மூன்று ஸ்தானமும் ஆணுக்கே போய்விட்டது, ஆகையால் அது பெண்களைத் தாழ்த்துகின்ற மதம்" என்கின்றார்களாம். மற்றக் கட்சியார், "ஏன் இல்லை? வேளாங்கண்ணியில் மாதா இருக்கின்றாள், தூத்துக்குடியில் பனிமய மாதா இருக்கின்றாள், கோவில்பட்டிக்குப் பக்கத்தில் காமநாயக்கன்பட்டியில் பரலோக மாதா இருக்கின்றாள், ஆகையால் எங்கள் மதம் பெண்ணை உயர்த்துகின்ற மதம்" என்கின்றார்களாம்.

இரண்டு கட்சியாரும் சண்டை போட்டுக் கொண்டாலும், இருவரும் நிற்பது ஒரே அஸ்திவாரத்தின் மேல்தான். அதாவது, ஒரு மதத்தில் பெண் தெய்வம் இருந்தால் அந்த மதத்துப் பெண்களுக்கு உயர்வு உண்டு என்பதை இருவருமே ஒப்புக்கொண்டு பேசுகின்றார்கள். அந்த அஸ்திவாரமே பொய் என்பதுதான் நமது அபிப்பிராயம். தெய்வங்களில் எத்தனை பெண் என்று எண்ணுவதை விட்டுவிட்டு, பெண்களில் எத்தனை பேருக்குச் சொத்து, கூலி, சபையில் ஓட்டு, கோவில் சாவி கிடைத்தது என்று எண்ணிப் பார்த்தால் விஷயம் விளங்கிவிடும்.

முதலில், பெண் தெய்வம் எங்கிருந்து வருகின்றது என்பதை யோசிப்போம். சிவகாசியில் அச்சடிக்கின்ற தேதிக் காலண்டர்களைப் பாராதவர்கள் நமது நாட்டில் இல்லை. லட்சுமியையும் அங்கேதான் அடிக்கின்றார்கள். வேளாங்கண்ணி மாதாவையும் அங்கேதான் அடிக்கின்றார்கள். இருவருக்கும் ஒரே மஞ்சள் மை, ஒரே சிவப்பு மை. எந்தப் படத்திற்கு எந்த மதத்தார் கும்பிடு போடுவார்கள் என்பது அந்த இயந்திரத்திற்குத் தெரியாது. இது இன்று நேற்று வந்த தொழிலும் அல்ல. வெம்பக்கோட்டை மேட்டில் 2022 முதல் அரசாங்கத்தார் தோண்டிப் பார்த்ததில் சங்கு வளையல்களும் சுடுமண் பொம்மைகளும் கிடைத்திருக்கின்றன. அவற்றில் பெண் உருவங்களும் உண்டு. வைப்பாற்றங்கரையில் இருந்த மனிதன் அக்காலத்திலேயே களிமண்ணை எடுத்துப் பெண்ணைப் பிசைந்தான். மனிதன் பிசைந்தால்தான் உருவம் உண்டாகுமே தவிர, அந்த உருவம் மனிதனைப் பிசைந்ததில்லை.

ஏன் பெண்ணைத் தெய்வமாக்கினான் என்றால், அதற்கும் காரணம் உண்டு. பிள்ளை பெறும்போது தாய் செத்தாள். பிறந்த பிள்ளை அம்மை கண்டு செத்தது. மழை தவறினால் பயிர் செத்தது. கடலுக்குப் போன புருஷன் திரும்பவில்லை. பயந்தவனுக்குத் தாய் மடி வேண்டியிருந்தது. நிஜத் தாயால் முடியாததைச் செய்ய ஒரு பெரிய தாயைக் கற்பித்துக் கொண்டான். இந்த அச்சம் சாத்தூரில் உள்ளவனுக்கும் ஒன்றுதான். எருசலேமில் உள்ளவனுக்கும் ஒன்றுதான்.

எருசலேமில் நடந்ததைப் பாருங்கள். யூதர்களின் கோவிலுக்குள்ளேயே அசேராள் என்ற பெண் தெய்வத்தின் உருவம் இருந்தது என்றும், பெண்கள் அங்கே உட்கார்ந்து அவளுக்காக நெய்து கொடுத்தார்கள் என்றும், கி.மு. 7-ஆம் நூற்றாண்டில் யோசியா என்ற அரசன் அதை வெளியே இழுத்துப் போட்டுச் சுட்டெரித்தான் என்றும் பைபிளிலேயே இராஜாக்கள் புத்தகத்தில் எழுதியிருக்கின்றது. பழைய தமிழ் பைபிளில் தேடினால் அசேராள் என்ற பெயர் அங்கே அகப்படாது. "தோப்பு விக்கிரகம்" என்றுதான் அகப்படும். அதாவது, தெய்வமாக இருந்த பெண் மொழிபெயர்ப்பில் தோப்பாகப் போய்விட்டாள்! எரேமியா புத்தகத்திலோ, எகிப்துக்குப் போய்ச் சேர்ந்த யூதப் பெண்கள், வானராக்கினிக்குப் பணியாரம் சுட்டுப் படைத்த காலத்தில் தங்களுக்கு வயிறாரச் சோறு கிடைத்தது என்றும், அதை நிறுத்திய பிறகுதான் பஞ்சம் வந்தது என்றும் தீர்க்கதரிசியின் முகத்துக்கு நேரே சொல்லியிருக்கின்றார்கள். பரிசுத்த ஆவி என்ற சொல்கூட எபிரேய பாஷையில் பெண்பால். அந்த ஆவியைத் தாயென்று சொன்ன பழைய சிரியா தேசத்துக் கிறிஸ்தவர்களும் உண்டு. இலத்தீனுக்குப் போனபோது அது ஆண்பாலாயிற்று. நமது பாட்டன்மார் காலத்தில் "இஸ்பிரீத்து சாந்து" என்று தமிழ்நாட்டில் வந்து இறங்கியபோது அது ஆண் என்பதில் யாருக்கும் சந்தேகமே இல்லை.

இப்படித் துரத்தப்பட்ட பெண் தெய்வம் பின்வாசல் வழியாக எப்படி வந்தது? மாற்கு எழுதிய சுவிசேஷத்தில் இயேசுவின் தாயைப் பற்றி இரண்டொரு இடத்தில்தான் பேச்சு வருகின்றது. அதிலும் ஓரிடத்தில், தாயும் சகோதரரும் வெளியே காத்திருக்கின்றார்கள் என்று சொன்னபோது, தேவனுடைய சித்தத்தின்படி நடப்பவர்களே தனக்குத் தாயும் சகோதரரும் என்று அவர் சொல்லிவிட்டதாக இருக்கின்றது. இது தெய்வத்துக்குக் கொடுக்கின்ற மரியாதை அல்ல. பிறகு 4-ஆம் நூற்றாண்டில் அரபு தேசத்துப் பக்கம் சில பெண்கள் மரியாளுக்குப் பணியாரம் படைத்துத் தாங்களே பூசை செய்தார்கள். சலாமிஸ் நகரத்துப் பிஷப் எபிபானியுஸ் என்பவர் இதைக் கேட்டுக் கொதித்துப் போய், மரியாளுக்கு மரியாதை செய்யலாம், ஆராதனை கூடாது என்று எழுதினார். அத்தோடு நிற்காமல், உலகம் உண்டான நாள் முதல் பெண் எவளும் பூசாரியாக இருந்ததில்லை என்று நீட்டி முழக்கியும் எழுதினார். பணியாரம் போன இடத்தைவிட, பணியாரத்தைத் தூக்கிய கை யாருடையது என்பதிலும் அவருக்கு வயிற்றெரிச்சல் இருந்தது என்பதைக் கவனியுங்கள்.

அதற்குப் பிறகு 431-ஆம் வருஷத்தில் எபேசு பட்டணத்தில் பிஷப்புமார் கூடி, மரியாள் "தேவனைப் பெற்றவள்" என்று தீர்மானம் செய்தார்கள். எபேசு என்பது எந்த ஊர்? ஆர்தெமிஸ் என்ற பெண் தெய்வத்தின் பெரிய கோவில் இருந்த ஊர். பவுல் அங்கே பிரசாரம் செய்தபோது, அந்த அம்மனின் வெள்ளிக் கோவில் பொம்மைகளைச் செய்து விற்கின்ற தட்டார்கள் பிழைப்புப் போய்விடுமே என்று கலகம் செய்ததாக அப்போஸ்தலர் நடபடிகளில் இருக்கின்றது. அந்த ஊரிலேயே அம்மனுக்குப் பதில் மாதா வந்து சேர்ந்தாள். பெண்கள் படைத்தபோது குற்றமாயிருந்தது. ஆண்கள் தீர்மானித்தபோது சித்தாந்தமாயிற்று!

நமது நாட்டுக்கும் அப்படியேதான் வந்தாள். முத்துக்குளித்துறைப் பரதவர்கள் 1535 முதல் இரண்டொரு வருஷத்துக்குள் போர்த்துக்கீசியரின் ஆதரவை நாடிக் கூட்டமாக மதம் மாறினார்கள். தூத்துக்குடி பனிமய மாதாவின் சிலை 1555-இல் மணிலாவிலிருந்து கப்பலில் வந்ததாகச் சொல்லுகின்றார்கள். பனி எங்கே, தூத்துக்குடி எங்கே? அந்த ஊரில் வெள்ளையாகக் கிடப்பது உப்பளத்து உப்புதானே! ரோமாபுரியில் ஒரு மலையின் மேல் ஆகஸ்ட் 5-ந் தேதி வெயில் காலத்தில் பனி பெய்ததாக ஒரு பழங்கதை. அந்தக் கதையின் பேரால் வந்தது அந்தப் பட்டம். ரோமாபுரியாரே 1969-இல் தங்கள் திருநாள் பட்டியலைத் திருத்தியபோது பனியின் பெயரை எடுத்துவிட்டார்கள். நமது ஊரில் மட்டும் இன்னும் பனி கரையவில்லை. விருத்தாசலத்துக்குப் பக்கத்துக் கோணான்குப்பத்தில் வீரமாமுனிவர் வைத்த மாதாவுக்குப் பெயர் பெரியநாயகி. விருத்தாசலம் சிவன் கோவில் அம்மனுக்கும் பெயர் பெரியநாயகி. மாதாவுக்குச் சேலை கட்டியாயிற்று. கொடியேற்றம், தேர், மொட்டை, காதுகுத்து, தொட்டில் கட்டுதல் எல்லாம் வந்தாயிற்று. இருக்கன்குடிக்கும் வேளாங்கண்ணிக்கும் நடந்து போகின்றவர்களின் காலில் உள்ள கொப்புளத்தைப் பார்த்து, எது மாரி கொப்புளம், எது மேரி கொப்புளம் என்று பிரித்துச் சொல்ல எந்த வைத்தியனாலும் முடியாது.

இதற்குக் கத்தோலிக்க குருமார் ஒரு சமாதானம் வைத்திருக்கின்றார்கள். கடவுளுக்குச் செய்வது ஆராதனை, மாதாவுக்குச் செய்வது வெறும் வணக்கம். ஆகவே மாதா தெய்வமல்ல என்கின்றார்கள். இந்த இலக்கணம் புத்தகத்தில் இருக்கலாம். வேளாங்கண்ணி மணலில் முழங்காலில் ஊர்ந்து போகின்ற கிழவியின் முழங்காலுக்கு இந்த இலக்கணம் தெரியுமா? "தெய்வமல்ல" என்று படிப்பறையில் சொல்லுவது, "தாயே நீதான் கதி" என்று உண்டியலண்டை சொல்ல வைப்பது என்ற இரண்டு கணக்கும் ஒரே கடையில் எப்படி இருக்க முடியும் என்று கேட்கின்றோம்.

நிற்க, அந்தத் தாயாவது தன் பிள்ளைகளை ஒன்றாக்கினாளா என்று பார்ப்போம். திருநெல்வேலிச் சீமை வடக்கன்குளத்தில் பரலோக மாதாவின் பேரால் 1872-இல் கட்டிய கோவிலை, வேளாளர் ஒரு பக்கமும் நாடார் ஒரு பக்கமும் இருந்து பூசை பார்க்கும்படி கால்சட்டை மாதிரி இரண்டு காலாக வைத்து, நடுவில் சுவரும் வைத்துக் கட்டினார்கள். தாய் ஒருத்தி, பிள்ளைகளுக்கு நடுவே சுவர்! அந்தச் சுவர் 1910-இல் இடிக்கப்பட்டபோது, இடித்தது மனிதர்களின் கடப்பாறைதான். அதன் மேல் வழக்கும் நடந்தது. மாதா சாட்சி சொல்ல வரவில்லை.

சாதி விஷயம் இப்படி என்றால், மாதாவின் சொந்த இனமாகிய மாதர்களுக்கு என்ன கிடைத்தது? 1950-இல் பன்னிரண்டாம் பத்திநாதர் என்ற போப்பாண்டவர், மாதா உடலோடு பரலோகம் போனாள் என்பதை எல்லோரும் நம்பியே ஆக வேண்டிய சத்தியம் என்று பிரகடனம் செய்தார். காமநாயக்கன்பட்டியில் ஆகஸ்ட் 15-ந் தேதி தேர் ஓடுவது இந்தக் கதைக்காகத்தான். ஒரு பெண் பரலோகத்துக்கே போய்விட்டாள். ஆனால் பூலோகத்தில் பிஷப்புமார் கூடிய இரண்டாம் வத்திக்கான் மகாசபை மண்டபத்திற்குள் பெண்கள் நுழைய 1964 வரையில் காத்திருக்க வேண்டியிருந்தது. அப்போதும் காதால் கேட்கலாம், ஓட்டுப் போடக் கூடாது என்றார்கள். பிஷப்புமார் மன்றத்தில் பெண்கள் முதல் முதலாக ஓட்டுப் போட்டது 2023-இல்தான். பெண்ணைக் குருவாக்க சபைக்கு அதிகாரமே இல்லை என்று 1994-இல் போப்பாண்டவர் எழுதினார். 2021-இல் திருத்திய சபைச் சட்டத்திலோ, பெண்ணுக்குக் குருப்பட்டம் கொடுக்க முயலுகின்றவனுக்கும் பெற முயலுகின்றவளுக்கும் சபையை விட்டு விலக்குகின்ற தண்டனை என்று எழுதி வைத்தார்கள். பள்ளிக்கூடம் நடத்தி, ஆஸ்பத்திரி நடத்தி, பிணிக்காரனின் புண்ணைக் கழுவுகின்ற கன்னியாஸ்திரீகள் ஐம்பது பேர் ஒரு மடத்தில் இருந்தாலும், அங்கே பூசை நடக்க வேண்டுமானால் ஓர் ஆண் வந்தாக வேண்டும். போகட்டும், மாதாவுக்காவது முழுப் பதவி உண்டா? அவளை "இணை மீட்பர்" என்று அழைப்பது பொருத்தமல்ல என்று 2025 நவம்பரில் ரோமாபுரியார் அறிக்கை விட்டிருக்கின்றார்கள். அவளுக்கு எந்தப் பட்டம் தகும், எது தகாது என்று அளந்து கொடுக்கின்ற கையும் ஆணின் கையே.

சொத்து விஷயத்தைப் பாருங்கள். 1916-ஆம் வருஷத்துத் திருவிதாங்கூர் கிறிஸ்தவ வாரிசுச் சட்டப்படி, உயில் எழுதாமல் தகப்பன் செத்தால் மகளுக்குக் கிடைப்பது மகனுடைய பங்கில் கால் பங்கு, அல்லது ஐயாயிரம் ரூபாய், இந்த இரண்டில் எது குறைவோ அது! விதவைக்குக் கிடைத்ததும் சாகும் வரையில்தான். மறுமணம் செய்தால் அதுவும் போயிற்று. அப்போது திருவிதாங்கூரில் சேர்ந்திருந்த கன்னியாகுமரிச் சீமைத் தமிழ்ப் பெண்களின் தலையிலும் இந்தச் சட்டமே இருந்தது. தெருவுக்குத் தெரு மாதா கெபி கட்டியிருந்த சீமையில் இது நடந்தது. இதை எதிர்த்துக் கோட்டயத்து மேரி ராய் என்ற அம்மையார் சுப்ரீம் கோர்ட்டு வரையில் போய், 1986-இல் தீர்ப்பு வாங்கினார். பெண்களுக்குப் பங்கு வாங்கிக் கொடுத்த மேரி, பலிபீடத்தின் மேல் நின்ற மேரி அல்ல; கோர்ட்டுப் படியேறிய மேரி. அதே போல 1869-ஆம் வருஷத்து விவாகரத்துச் சட்டத்தில், மனைவி சோரம் போனாள் என்று மட்டும் புருஷன் ருசுச் செய்தால் போதும். மனைவியோ, சோரத்தோடு கொடுமையையோ இரண்டு வருஷம் கைவிட்டுப் போனதையோ சேர்த்து ருசுச் செய்ய வேண்டும் என்று இருந்தது. இந்த அக்கிரமம் 2001 வரையில், அதாவது 132 வருஷம் உயிரோடிருந்தது. அத்தனை வருஷமும் ஆகஸ்டு மாதத்தில் மாதா தேர் ஓடிக்கொண்டுதான் இருந்தது.

இன்னும் ஒரு பெரிய தீமை உண்டு. மாதாவைப் பெண்களுக்கெல்லாம் முன்மாதிரி என்கின்றார்கள். அவள் கன்னி, அவளே தாய். உலகத்தில் எந்தப் பெண்ணால் இந்த இரண்டுமாக ஒரே காலத்தில் இருக்க முடியும்? கன்னியாக இருந்தால் தாயில்லை என்ற குறை. தாயானால் கன்னியில்லை என்ற குறை. ஆக, எந்தப் பெண்ணும் எட்ட முடியாத ஓர் உயரத்தில் ஒருத்தியை வைத்துவிட்டு, மற்றப் பெண்களையெல்லாம் "நீ அவளைப் போலில்லை" என்று குனிய வைப்பதற்கு இதைவிடச் சுலபமான வழி வேறில்லை. மலடி என்ற வசையைத் தாங்க மாட்டாமல்தானே பெண்கள் மரத்திலும் பீடத்திலும் தொட்டில் கட்டுகின்றார்கள்! குறை புருஷனிடமும் இருக்கலாம் என்று டாக்டர் சொல்லுவார்; தொட்டில் சொல்லாது.

அப்படியானால் மாதாவைத் தள்ளிவிட்ட புராட்டஸ்டண்டுகளிடம் எல்லாம் சரியாகிவிட்டதா என்றால், அதுவும் இல்லை. பெண்கள் சபையில் வாய் திறக்கக் கூடாது என்று பவுலின் பேரால் உள்ள வசனம் அவர்களுடைய பைபிளிலும் இருக்கின்றது. ஆனாலும் தென்னிந்தியத் திருச்சபையார் 1976-இல் ஒரு பெண்ணுக்குக் குருப்பட்டம் கொடுத்தார்கள். 2013-இல் புஷ்பலலிதா என்ற அம்மையாரை நந்தியால் பேராயராக ஆக்கினார்கள். பெண் தெய்வம் இல்லாத சபையில் பெண் பேராயர் வந்தார்; பெண் தெய்வத்துக்குப் பொன் தேர் இழுக்கின்ற சபையில் பெண் குருவாவதற்கே வழியில்லை. இதிலிருந்து என்ன தெரிகின்றது? பெண் தெய்வத்துக்கும் பெண் உரிமைக்கும் சம்பந்தமே இல்லை என்பது தெரிகின்றது.

எதற்குச் சம்பந்தம் உண்டு என்பதையும் ஒரு கிறிஸ்தவப் பெண்ணே காட்டியிருக்கின்றார். திண்டிவனத்தில் இருந்த மிஷனரி டாக்டரின் மகள் ஐடா ஸ்கடர் இளம் பெண்ணாக இருந்தபோது, ஒரே இரவில் மூன்று ஆண்கள், ஒருவர் பின் ஒருவராக, பிரசவத்தில் தவிக்கின்ற தங்கள் மனைவிமாரைப் பார்க்க வரும்படி அவரை அழைத்தார்கள். தகப்பனாராகிய டாக்டர் வருவார் என்றதற்கு, ஆண் வைத்தியன் தொடக் கூடாது என்று போய்விட்டார்கள். விடிவதற்குள் மூன்று பெண்களும் செத்தார்கள். அந்த அம்மாள் அமெரிக்காவுக்குப் போய் வைத்தியம் படித்து, 1900-இல் திரும்பி வந்து, 1918-இல் வேலூரில் பெண்களுக்கென்று வைத்தியப் பள்ளிக்கூடம் திறந்தார். அவர் பக்தி உள்ளவர்தான். தம்மைக் கடவுள் ஏவினார் என்றுதான் அவரும் சொன்னார். ஆனால் பிரசவித்தவளைப் பிழைக்க வைத்தது செபமாலை அல்ல. அவர் படித்த படிப்பு. அந்த மூன்று பெண்களைக் கொன்றதும் பெண் தெய்வம் இல்லாத குறையல்ல. பெண் டாக்டர் இல்லாத குறை.

இந்து மதத் தோழர்கள் இதைப் படித்துவிட்டுச் சிரிக்க வேண்டியதில்லை. ஸ்ரீவில்லிபுத்தூரில் ஆண்டாளுக்குத் தேர் ஓடுகின்றது. சிவகாசியில் பத்திரகாளிக்குப் பொங்கல் நடக்கின்றது. ஆனால் இந்தச் சீமையில் காகிதக் குழாய் சுருட்டி, திரி வைத்து, சரம் பின்னி, கட்டுக்கு இவ்வளவு என்று கூலி வாங்குகின்ற பெண்ணின் கதி என்ன? லட்சுமி வெடி என்று ஒரு வெடி செய்கின்றார்கள். அதன் மேல் செல்வத்துக்கு அதிபதியென்ற லட்சுமியின் படத்தை ஒட்டுகின்ற பெண்ணின் முந்தானையில் எவ்வளவு செல்வம் முடிந்திருக்கின்றது? 2021 பிப்ரவரியில் சாத்தூர்ப் பக்கத்து அச்சங்குளத்தில் பட்டாசு ஆலை வெடித்து இருபதுக்கு மேற்பட்ட தொழிலாளர்கள் செத்தார்கள்; அவர்களில் பெண்களும் உண்டு. வேலைக்காரர்களைக் காப்பாற்றக் கூடியது சுவரில் மாட்டிய படமல்ல; அளவுக்கு மேல் மருந்து வைக்காத ஒழுங்கும், ஓர் அறையில் இத்தனை பேர்தான் என்ற சட்டமும், அதை நேர்மையாகப் பார்க்கின்ற அதிகாரியும், அதைத் தட்டிக் கேட்கின்ற சங்கமுந்தான்.

இக்காலத்தில் படித்தவர்கள் சிலர் புதிதாக ஒன்று சொல்ல ஆரம்பித்திருக்கின்றார்கள். கடவுளை அப்பா என்று அழைப்பதை விட்டு அம்மா என்று அழைத்தால் பெண்ணடிமை தீரும் என்கின்றார்கள். அவர்களுடைய எண்ணம் நல்லதுதான். ஆனால் அப்பா என்றழைத்த காலத்தில் ஆணுக்கு அதிகாரம் வந்தது, அப்படி அழைத்ததனால் மாத்திரமல்ல. நிலமும் பணமும் சாவியும் புத்தகமும் அவன் கையில் இருந்ததனால். அந்த அதிகாரத்தைக் கொண்டுதான் அவன் கடவுளுக்கே மீசை வரைந்தான். மீசையை அழித்துப் பொட்டு வைத்தால் மட்டும் நிலம் கை மாறிவிடுமா?

ஆகவே, வெம்பக்கோட்டைத் தோழர்களே, தாய்மார்களே! உங்கள் தர்க்கத்தை இப்படி மாற்றிக் கொள்ளுங்கள். மாதா தெய்வமா, தெய்வமல்லவா என்பதைக் குருமார் தீர்த்துக் கொள்ளட்டும். நீங்கள் உங்கள் பங்குக் கோவிலில் கணக்குப் பார்க்கின்றவர்களில் பெண் எத்தனை பேர் என்று கேளுங்கள். மகனுக்கு எழுதிய நிலத்தில் மகளுக்கும் சரிபாதி எழுதினீர்களா என்று உங்களையே கேளுங்கள். சரம் பின்னுகின்ற பெண்ணுக்கும் மூட்டை தூக்குகின்ற ஆணுக்கும் கூலியில் ஏன் வித்தியாசம் என்று முதலாளியைக் கேளுங்கள். இதே கேள்விகளை இருக்கன்குடியிலும் ஸ்ரீவில்லிபுத்தூரிலும் கேளுங்கள். தேர் வடத்தைப் பிடித்து இழுக்கின்ற கை, வீட்டுப் பத்திரத்தில் கையெழுத்துப் போடுகின்ற கையாக என்றைக்கு ஆகின்றதோ, அன்றைக்குப் பெண்களுக்குத் தெய்வ ஸ்தானம் தேவைப்படாது. மனுஷி என்ற ஸ்தானமே போதும்.